கல்லறையில் எழுதக் கூடாத ஆண்டு: காத்தின் படுகொலையும் 47 ஆண்டு காலப் பிரச்சாரமும்

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய போலந்தில், கணவனை இழந்த பல பெண்களுக்கு ஒரு விசித்திரமான சிக்கல் இருந்தது. குடும்பக் கல்லறையில் கணவரின் பெயரைப் பொறிக்கலாம். பிறந்த ஆண்டைப் பொறிக்கலாம். இறந்த ஆண்டு? அங்கேதான் பிரச்சினை. 1941 என்று எழுதினால் யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். 1940 என்று எழுதினால் விஷயமே வேறு.

ஒரே ஒரு ஆண்டுதான் வித்தியாசம். ஆனால் அந்த ஓராண்டில் கொலையாளி யார் என்பதே மாறிவிடும். ரஷ்யாவின் ஸ்மோலென்ஸ்க் நகருக்கு அருகே இருக்கிறது காத்தின் காடு. 1940இல் அது சோவியத் ஒன்றியத்தின் கையில் இருந்தது. 1941 ஜூலையில்தான் ஜெர்மானியப் படை அந்தப் பகுதியைப் பிடித்தது. ஆக, அங்கே புதைக்கப்பட்ட போலந்து அதிகாரிகள் 1940இல் செத்திருந்தால் கொன்றது ஸ்டாலின் அரசு. 1941இல் செத்திருந்தால் ஹிட்லர் அரசு.

இந்த ஓர் எண்ணை மாற்றுவதற்காக ஒரு வல்லரசு 47 ஆண்டுகள் பாடுபட்டது. மக்கள் மனதில் பிரச்சாரம் எப்படி வேலை செய்கிறது, எங்கே ஜெயிக்கிறது, எங்கே தோற்கிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் கிடைப்பது கஷ்டம்.

என்ன நடந்தது?

1939 ஆகஸ்ட் 23 அன்று ஹிட்லரின் ஜெர்மனியும் ஸ்டாலினின் சோவியத் ஒன்றியமும், ஒருவரை ஒருவர் தாக்குவதில்லை என்று ஒப்பந்தம் போட்டன. அதோடு ஒரு ரகசிய இணைப்பும் இருந்தது. நடுவில் இருந்த போலந்தை இரண்டு பேரும் பங்கு போட்டுக்கொள்வதற்கான ஏற்பாடு அதில் இருந்தது. செப்டம்பர் 1 அன்று மேற்கிலிருந்து ஜெர்மனி நுழைந்தது. செப்டம்பர் 17 அன்று கிழக்கிலிருந்து சோவியத் படை நுழைந்தது.

பிடிபட்டவர்களில் ராணுவ அதிகாரிகளையும் காவல்துறையினரையும் தனியாகப் பிரித்து, கொசெல்ஸ்க், ஸ்டாரோபெல்ஸ்க், ஒஸ்தாஷ்கோவ் என்ற மூன்று முகாம்களில் சோவியத் அரசு அடைத்தது. அதிகாரிகள் என்று சொன்னாலும் அவர்களில் நிறைய பேர் முழுநேர ராணுவத்தினர் அல்ல. போர் மூண்டதும் அழைக்கப்பட்ட டாக்டர்கள், ஆசிரியர்கள், வக்கீல்கள், இன்ஜினீயர்கள்.

1940 மார்ச் 5 அன்று, சோவியத் ரகசிய போலீஸின் தலைவர் பெரியா கொடுத்த பரிந்துரையில் ஸ்டாலினும் கட்சித் தலைமையில் இருந்த மற்றவர்களும் கையெழுத்துப் போட்டார்கள். கைதிகளை அழைத்து விசாரிக்க வேண்டாம், குற்றச்சாட்டு என்னவென்று சொல்லவும் வேண்டாம், சுட்டுவிடலாம் என்பதுதான் முடிவு. ஏப்ரல், மே மாதங்களில் முகாம்கள் காலியாகின. வீட்டுக்குத்தான் அனுப்புகிறார்கள் என்று நம்பி ரயில் ஏறியவர்கள் பலர். கொசெல்ஸ்க் முகாமில் இருந்தவர்கள் காத்தினில் கொல்லப்பட்டார்கள். மற்ற இரண்டு முகாம்களில் இருந்தவர்கள் கார்கிவ் நகரிலும் கலினின் நகரிலும் (இன்றைய ட்வெர்) கொல்லப்பட்டார்கள். சிறைகளில் இருந்த போலந்துக் கைதிகளும் தப்பவில்லை. 1959இல் எழுதப்பட்ட சோவியத் உளவுத்துறையின் உள்குறிப்பு சொல்லும் மொத்தக் கணக்கு 21,857 பேர். காத்தினில் குழிகளை மூடி, மேலே பைன் மரக்கன்றுகளை நட்டுவிட்டுப் போனார்கள்.

பொய்க்கு முன்னால் வந்த மௌனம்

முகாம்களிலிருந்து கடிதம் எழுத முதலில் அனுமதி இருந்தது. 1940 வசந்த காலத்தோடு அது நின்றுபோனது. வீட்டிலிருந்து அனுப்பிய கடிதங்கள் திரும்பி வரத் தொடங்கின. சோவியத் பிடியில் இருந்த பகுதியில் கைதிகளின் குடும்பங்கள் அந்த ஏப்ரலிலேயே கஜகஸ்தானுக்கு நாடு கடத்தப்பட்டன. கேள்வி கேட்கக்கூடியவர்களை முதலில் தூரமாக அனுப்பிவிட்டார்கள்.

1941 ஜூனில் ஹிட்லர் சோவியத் மீதே படையெடுத்தார். ஒரே நாளில் அணிகள் மாறின. லண்டனில் இருந்த போலந்தின் நாடுகடந்த அரசும் மாஸ்கோவும் கூட்டாளிகள் ஆயின. சோவியத் மண்ணில் விடுதலையான போலந்துக்காரர்களைக் கொண்டு ஒரு படை திரட்ட ஏற்பாடானது. வீரர்கள் வந்தார்கள், ஆனால் அதிகாரிகளை மட்டும் காணோம். ஆயிரக்கணக்கில் காணோம்.

அந்த டிசம்பரில் போலந்துப் பிரதமர் சிகோர்ஸ்கி கிரெம்ளினுக்கே போய் ஸ்டாலினிடம் நேரில் கேட்டார். அவர்கள் தப்பிப் போயிருப்பார்கள் என்று பதில் வந்தது. எங்கே என்று கேட்டதற்கு, மஞ்சூரியாவுக்குப் போயிருக்கலாம் என்றாராம் ஸ்டாலின். ஸ்டாரோபெல்ஸ்க் முகாமிலிருந்து உயிரோடு மீண்ட வெகு சிலரில் ஒருவரான ஓவியர் யூசெஃப் சாப்ஸ்கி, காணாமல்போன தோழர்களைத் தேடி அலுவலகம் அலுவலகமாக அலைந்தார். கிடைத்தது கைவிரிப்பு மட்டுமே.

உண்மையைச் சொன்னவர் கோயபல்ஸ்

இங்கேதான் கதை சங்கடமான ஒரு திருப்பம் எடுக்கிறது. 1943 ஏப்ரல் 13 அன்று பெர்லின் வானொலி, காத்தின் காட்டில் போலந்து அதிகாரிகளின் புதைகுழிகள் கிடைத்ததாக அறிவித்தது. கொன்றது சோவியத் என்றது. சொன்னது நாஜிகள், விஷயம் உண்மை.

ஹிட்லரின் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ் திடீரென்று உண்மையின் காவலராக மாறிவிடவில்லை. ஸ்டாலின்கிராடில் ஜெர்மனி தோற்று இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. எதிரணியில் இருந்த பிரிட்டன், அமெரிக்கா, சோவியத், போலந்து ஆகியவற்றுக்குள் பிளவு உண்டாக்க அவருக்கு ஒரு வெடி தேவைப்பட்டது. அதனால் எல்லாவற்றையும் கேமரா முன் செய்தார்கள். பல நாட்டுத் தடயவியல் நிபுணர்கள், போலந்து செஞ்சிலுவைச் சங்கத்தினர், நேச நாட்டுப் போர்க் கைதிகள் எனப் பலரை அழைத்துப்போய்க் காட்டினார்கள். காத்தினில் எடுத்த உடல்கள் நாலாயிரத்துச் சொச்சம். ஜெர்மானியப் பிரச்சாரம் சொன்னதோ பத்தாயிரத்துக்கும் மேல். புதைகுழியில் கிடந்த தோட்டாக்களில் ஜெர்மனியில் தயாரானவை இருந்தது கோயபல்ஸுக்கே தலைவலியாக இருந்தது. உண்மை கையில் இருந்தபோதும் அதைத் தன் வசதிக்கு ஏற்ப வெட்டி ஒட்டத்தான் அவர் பார்த்தார். அதே ஏப்ரலில், அதே நாஜிகள், வார்சா யூதக் குடியிருப்பில் மிஞ்சியிருந்த மக்களை அழிக்கக் கிளம்பினார்கள்.

ஆக்கிரமிக்கப்பட்ட போலந்தில் இறந்தவர்களின் பெயர்ப் பட்டியல் செய்தித்தாளில் வந்தது. தெரு ஒலிபெருக்கிகளில் படிக்கப்பட்டது. தங்கள் நாட்டையே நாசமாக்கிக்கொண்டிருந்தவர்களின் வாயிலிருந்து கணவனின் சாவுச் செய்தியைக் கேட்க வேண்டிய நிலை அந்தப் பெண்களுக்கு. நம்புவதா, வேண்டாமா? உடல்களோடு கிடைத்த கடிதங்களும் நாட்குறிப்புகளும் செய்தித்தாள்களும் 1940 வசந்தத்தோடு நின்றிருந்தன. மேஜர் ஆடம் சோல்ஸ்கியின் நாட்குறிப்பு 1940 ஏப்ரல் 9 அன்று, காட்டுக்குள் கொண்டுவந்து சோதனை போட்டதைச் சொல்லிவிட்டு அப்படியே நிற்கிறது. சொல்பவர் யார் என்பது வேறு, தடயம் என்ன சொல்கிறது என்பது வேறு.

பெயரிலேயே தீர்ப்பு

இரண்டே நாளில் மாஸ்கோவிடமிருந்து மறுப்பு வந்தது. 1941இல் ஸ்மோலென்ஸ்க் அருகே கட்டுமான வேலையில் இருந்த இந்தக் கைதிகள் ஜெர்மானியரிடம் சிக்கினார்கள், கொன்றது ஹிட்லர் ஆட்கள்தான் என்றது அறிக்கை. அதற்கு முன்புவரை யாரும் கேள்விப்படாத கட்டுமான வேலை அது. போலந்து அரசு, செஞ்சிலுவைச் சங்கத்தின் விசாரணை வேண்டும் என்று கேட்டதும், அதையே குற்றமாக்கி ஏப்ரல் 25 அன்று ஸ்டாலின் உறவை முறித்துக்கொண்டார். விசாரணை கேட்டதே எதிரிக்கு உதவுவது என்று ஆனது.

அந்தச் செப்டம்பரில் ஸ்மோலென்ஸ்கை மீட்ட பிறகு, புகழ்பெற்ற அறுவை மருத்துவர் புர்தென்கோ தலைமையில் ஒரு குழு அமைக்கப்பட்டது. குழுவின் அதிகாரபூர்வப் பெயரிலேயே, ஜெர்மன் பாசிச ஆக்கிரமிப்பாளர்கள் போலந்து அதிகாரிகளைச் சுட்டுக் கொன்றதை விசாரிக்கும் குழு என்று இருந்தது. விசாரணை தொடங்கும் முன்பே தீர்ப்பு பெயர்ப் பலகையில் ஏறிவிட்டது! 1944 ஜனவரியில் வெளிநாட்டுப் பத்திரிகையாளர்களை அழைத்துப்போய்க் காட்டினார்கள். கொலை நடந்தது 1941 ஆகஸ்ட், செப்டம்பர் வாக்கில் என்பது சோவியத் வாதம். ஆனால் உடல்களில் குளிர்கால உடைகள் இருந்தன. அதைக் கவனித்தவர்கள் இருந்தார்கள். அமெரிக்கத் தூதர் ஹாரிமனின் மகள் கேத்லீன் உட்பட அந்தப் பயணத்தில் போன பலர், கடைசியில் சோவியத் சொன்னதையே ஏற்று எழுதினார்கள்.

மாறாதவர்களையும் மாற்றும் வழி இருந்தது. 1943இல் ஜெர்மனி அழைத்துப்போன நிபுணர் குழுவில் கையெழுத்திட்டவர் பல்கேரிய மருத்துவர் மார்கோவ். போருக்குப் பின் பல்கேரியா சோவியத் பிடிக்குள் போனது. அவர் மீது வழக்கு வந்தது. 1946இல் நியூரம்பெர்க் நீதிமன்றத்தில், தான் முன்பு கையெழுத்திட்டதற்கு நேர்மாறாகச் சாட்சி சொன்னார். ஆனாலும் காத்தின் குற்றச்சாட்டு அங்கே எடுபடவில்லை. இறுதித் தீர்ப்பில் அந்தப் பெயரே இல்லை.

நண்பர்கள் ஏன் வாயைத் திறக்கவில்லை?

பிரிட்டனுக்கும் அமெரிக்காவுக்கும் எதுவும் தெரியாதா? ஓரளவு நன்றாகவே தெரியும். போலந்து அரசுக்கான பிரிட்டிஷ் தூதர் ஓவன் ஓ'மேலி 1943 மே மாதமே, சோவியத்தான் கொன்றிருக்க வேண்டும் என்று விரிவான அறிக்கை கொடுத்தார். சர்ச்சில் அதை ரூஸ்வெல்ட்டுக்கு அனுப்பினார். அறிக்கை அலமாரிக்குள் போனது. ஹிட்லரை வீழ்த்த ஸ்டாலின் தேவை என்பது அன்றைய கணக்கு.

அமெரிக்காவில் நடந்தது இன்னும் மோசம். ஜெர்மானியர்கள் காத்தினுக்கு அழைத்துப்போன போர்க் கைதிகளில் ஒருவர் அமெரிக்க அதிகாரி வான் விலீட். 1945இல் விடுதலையானதும் அவர் கொடுத்த அறிக்கைக்கு ‘மிக ரகசியம்’ என்று முத்திரை குத்தப்பட்டது. பிறகு அது காணாமலே போனது. ரூஸ்வெல்ட்டின் தூதுவராக இருந்த ஜார்ஜ் ஏர்ல், உண்மையைப் பத்திரிகையில் எழுதப்போகிறேன் என்றார். எழுதக் கூடாது என்று உத்தரவு வந்தது. பசிபிக் கடலில் உள்ள சமோவாவுக்கு அவரை மாற்றினார்கள்.

பனிப்போர் தொடங்கியதும் காற்று மாறியது. 1951-52இல் அமெரிக்க நாடாளுமன்றத்தின் ஒரு குழு விசாரித்து, குற்றவாளி சோவியத் ரகசிய போலீஸ்தான் என்று அறிவித்தது. கேத்லீன் ஹாரிமனும் அந்தக் குழுவின் முன் தன் பழைய கருத்திலிருந்து விலகினார். தடயம் புதிதாக முளைக்கவில்லை. அதைச் சொல்ல வேண்டிய அரசியல் தேவைதான் புதிதாக வந்தது.

தணிக்கைக் குறிப்பும் வீட்டுக்குள் வாழ்ந்த தேதியும்

போலந்திலோ, கம்யூனிஸ்ட் ஆட்சி நடந்த 45 ஆண்டுகளும் வேறு கதை. கிராகோவ் நகரில் தணிக்கையாளராக வேலை பார்த்த தோமாஷ் ஸ்டிஷெவ்ஸ்கி, 1977இல் அலுவலக ரகசியக் குறிப்புகளை உடம்பில் மறைத்துக்கொண்டு சுவீடனுக்குத் தப்பினார். பிறகு அவை லண்டனில் அச்சாகின. காத்தின் பற்றியும் அதில் ஒரு குறிப்பு உண்டு. சோவியத் மீது பழி சொல்லும் எதையும் அனுமதிக்கக் கூடாது. இறந்த தேதி தர வேண்டுமென்றால் 1941 ஜூலைக்குப் பிந்தையதாக இருக்க வேண்டும். இரங்கல் அறிவிப்பு வெளியிட வேண்டுமா, மேலிடத்தைக் கேட்க வேண்டும்.

கவனித்தால் புரியும், அந்தக் குறிப்பு யாரையும் நம்பச் சொல்லவில்லை. பொய்யை மக்கள் நம்பினால் நல்லது. நம்பாவிட்டாலும் பரவாயில்லை, உண்மையை வெளியே சொல்லாமல் இருந்தால் போதும். நீண்ட காலப் பிரச்சாரத்தின் சூட்சுமம் இதுதான். பக்கத்து வீட்டுக்காரருக்கும் தெரியும் என்று தெரிந்தாலும் பேச முடியாது. பேசப் பேசத்தான் நினைவு ஊரின் சொத்தாகும். பேசாவிட்டால் அது ஒவ்வொரு வீட்டிலும் தனித்தனியாகக் கிடக்கும். அந்த வீட்டு ஆட்கள் போனால் அதுவும் போய்விடும்.

ஆனால் போலந்தில் அப்படிப் போகவில்லை. அம்மாக்களும் பாட்டிகளும் பிள்ளைகளுக்குச் சொன்னார்கள். பள்ளியில் ஒரு பதில், வீட்டில் ஒரு பதில் என்று இரண்டையும் தெரிந்துவைத்துக்கொண்டே ஒரு தலைமுறை வளர்ந்தது. இயக்குநர் ஆந்த்ரே வைதாவின் அப்பா கார்கிவில் கொல்லப்பட்டவர். அவருடைய அம்மா கணவனுக்காகக் காத்திருந்தார். உலகப் புகழ்பெற்ற பிறகும் வைதாவால் அதைப் படமாக்க முடிந்தது 2007இல்தான். அப்போது அவருக்கு வயது 81.

1981இல் வார்சாவின் பொவோன்ஸ்கி மயானத்தில், 1940 என்ற ஆண்டோடு ஒரு நினைவுச் சிலுவையை மக்கள் நிறுத்தினார்கள். அன்றிரவே போலீஸ் பெயர்த்துக்கொண்டு போய்விட்டது. 1985இல் அரசே ஒரு நினைவுச்சின்னம் வைத்தது, ஹிட்லரின் பாசிசத்துக்குப் பலியானவர்கள் என்ற வாசகத்தோடு. லண்டனில் 1976இலேயே ‘காத்தின் 1940’ என்று பொறித்த நினைவுத்தூண் எழுந்தது. மாஸ்கோ எரிச்சலடையும் என்று பிரிட்டிஷ் அரசு தன் சார்பில் யாரையும் அனுப்பவில்லை.

இன்னொரு ஊர், இன்னொரு நினைவு

1969இல் பெலாரஸில் ஹாத்தின் என்ற கிராமத்தில் சோவியத் அரசு ஒரு பெரிய நினைவிடத்தைத் திறந்தது. 1943 மார்ச்சில் நாஜிப் படையினர் அந்தக் கிராமத்தைக் கொளுத்தி 149 பேரைக் கொன்றார்கள். அது நூற்றுக்கு நூறு உண்மை. பெலாரஸில் அப்படி அழிக்கப்பட்ட கிராமங்கள் நூற்றுக்கணக்கில் உண்டு. அவ்வளவில் இந்த ஊரைத் தேர்ந்தெடுக்கக் காரணம், காத்தின் என்ற பெயரோடு குழம்பிப்போகட்டும் என்பதுதான் என்ற சந்தேகம் வரலாற்றாசிரியர்களிடையே நீண்ட காலமாக இருக்கிறது. அப்படி ஓர் உத்தரவைக் காட்டும் ஆவணம் எதுவும் இதுவரை பொதுவெளியில் இல்லை. ஒரு துயரத்தை மறைக்க இன்னொரு துயரத்தையே திரையாக்க முடியும் என்ற அச்சத்தைத்தான் அந்தச் சந்தேகம் காட்டுகிறது. இதில் ஹாத்தின் மக்களின் குற்றம் ஏதுமில்லை. அவர்களும் பலியானவர்களே.

ஒப்புக்கொண்ட நாள்

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது எவ்வளவு காலம்தான் நடக்கும்? 1980களின் கடைசியில் சோவியத் ஆவணக் காப்பகங்கள் மெல்லத் திறந்தன. நதாலியா லெபெதேவா போன்ற ரஷ்ய வரலாற்றாசிரியர்களே கைதிகளைக் கொண்டுபோன பதிவுகளைக் கண்டெடுத்தார்கள். 1990 ஏப்ரல் 13 அன்று கோர்பச்சேவ் அரசு உண்மையை ஒப்புக்கொண்டது. பெர்லின் வானொலி அறிவித்து அன்றோடு சரியாக 47 ஆண்டுகள். அப்போதும் பழி பெரியாவோடும் அவருடைய ஆட்களோடும் நின்றது. ஸ்டாலின் கையெழுத்திட்ட 1940 மார்ச் 5 தாள், 1992 அக்டோபரில் யெல்ட்சின் ஆட்சியில்தான் போலந்துக்குத் தரப்பட்டது. அந்தக் கட்டில்தான் 1959 உள்குறிப்பும் இருந்தது. கொல்லப்பட்டவர்களின் கோப்புகளை எரித்துவிடலாம் என்று குருஷேவுக்கு யோசனை சொன்ன குறிப்பு அது.

கதை இங்கே முடியவில்லை

ஒப்புக்கொண்ட அதே 1990 நவம்பரில், போலந்தால் சோவியத் தரப்புக்கு நேர்ந்த தீங்குகளைத் தேடிச் சேகரிக்கும்படி கோர்பச்சேவ் உத்தரவிட்டார். 1919-21 போரில் பிடிபட்ட செம்படை வீரர்கள் ஆயிரக்கணக்கில் போலந்து முகாம்களில் நோயிலும் பட்டினியிலும் இறந்தது உண்மைதான். ஆனால் பிறகு அந்தச் சாவுகள், காத்தினைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் எடுத்து வீசும் பதிலாக மாறின. ‘நீங்க மட்டும் ஒழுங்கா?’ என்ற கேள்விக்கு எல்லா நாட்டிலும் மவுசு உண்டு.

2010 ஏப்ரல் 10 அன்று, காத்தின் நினைவு நாளுக்காகப் போன போலந்து அதிபர் காச்சின்ஸ்கி உட்பட 96 பேர் ஸ்மோலென்ஸ்க் அருகே விமான விபத்தில் இறந்தார்கள். வைதாவின் படம் அந்த மாதம் ரஷ்ய அரசுத் தொலைக்காட்சியிலேயே ஒளிபரப்பானது. நவம்பரில் ரஷ்ய நாடாளுமன்றம், உத்தரவிட்டது ஸ்டாலின்தான் என்று தீர்மானம் போட்டது. இனி மாற்ற முடியாது என்றுதான் பலரும் நினைத்தார்கள்.

பத்தே ஆண்டில் காற்று திரும்பவும் மாறியது. ட்வெர் நகரில், கொலைகள் நடந்த ரகசிய போலீஸ் தலைமையகம் இப்போது மருத்துவப் பல்கலைக்கழகக் கட்டடம். அந்தக் கட்டடச் சுவரில் இருந்த நினைவுப் பலகைகள் 2020 மே மாதம் கழற்றப்பட்டன. கொலைகள் நடந்ததற்கு ஆதாரம் போதாது என்ற குரல்கள் ரஷ்யாவில் மீண்டும் கேட்கின்றன.

காத்தின் காட்டும் பாடம், பொய்யைக் கண்டுபிடிப்பது எப்படி என்பதோடு நிற்கவில்லை. 1943இல் கோயபல்ஸ் சொன்னது உண்மை, நோக்கம் விஷம். 1952இல் அமெரிக்கா சொன்னதும் உண்மை, ஆனால் பல ஆண்டு தாமதம். அதனால் ஒரு செய்தி வரும்போது ‘இது உண்மையா?’ என்று கேட்பதோடு, ‘இதை ஏன் இப்போது சொல்கிறார்கள்? எதை விட்டுவிட்டுச் சொல்கிறார்கள்? தடயத்தைப் பார்க்க யாரை அனுமதிக்கவில்லை?’ என்ற மூன்றையும் சேர்த்துக் கேட்க வேண்டியிருக்கிறது.

2000ஆவது ஆண்டில் காத்தின், கார்கிவ், ட்வெர் அருகே உள்ள மெத்னோயே ஆகிய மூன்று இடங்களிலும் போலந்துப் போர் மயானங்கள் திறக்கப்பட்டன. கொல்லப்பட்ட ஒவ்வொருவருக்கும் பெயரோடு ஓர் உலோகப் பலகை. அதில் 1940 என்று எழுத இப்போது யார் அனுமதியும் வேண்டாம். ஆனால் அந்த எண்ணை ரகசியமாகக் காப்பாற்றி வைத்திருந்த பெண்களில் பலர், அதைப் பார்க்க உயிரோடு இல்லை.